ஒன்பதாவது இன்னிங்ஸில் ஒரு ஹிட்

லியோனா அப்பாவின் டையை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தபோது, முப்பத்து நான்கு வருடங்களாக அந்த வீட்டு வாசற்படியை மிதிக்காத டெல்பர்ட் ஹாஸ் கையில் ஒரு தட்டுப் பன்றி இறைச்சியோடு வந்து கதவைத் தட்டினார்.

"துக்கம் கேக்க வந்தேன்" என்றார். தட்டை மேஜைமேல் வைத்துவிட்டு, உட்காராமல் நின்றார். துக்கம் கேட்க மட்டும் வந்தவராக இருந்தால் தொப்பியைக் கழற்றியிருப்பார்.

லியோனாவின் அப்பா எமில் வோடிச்கா முந்தின நாள் காலையில் இறந்திருந்தார். பகலில் சிமென்ட் ஆலையில் குமாஸ்தா. கோடை மாலைகளில் ஊர் பேஸ்பால் அணிக்கு ஸ்கோரர். பந்தை அடித்தவன் பத்திரமாக ஓடிச் சேர்ந்தால் அது அவன் திறமையால் வந்த ஹிட்டா, பிடிக்க நின்றவன் தப்பால் வந்த எர்ரரா என்று தீர்ப்புச் சொல்ல வேண்டியவர் அவர் ஒருவர்தான்.

1961 ஆகஸ்டில் ஒரு மாலை, கடைசியான ஒன்பதாவது இன்னிங்ஸில் இரண்டு பேர் அவுட் ஆகும்வரை டெல்பர்ட்டின் பந்தில் ஒரு ஹிட்கூட விழவில்லை. இன்னும் ஒருவனை வீழ்த்தினால், ஒரு ஹிட்கூடத் தராமல் முடித்த ஆட்டம், நோ-ஹிட்டர். பந்து வீசும் பிட்சருக்கு ஆயுளில் ஒருமுறை வாய்த்தாலே பெரிய கொடுப்பினை. அந்தக் கடைசி ஆள் அடித்த பந்து, டெல்பர்ட்டின் அணிக்காக மூன்றாவது பேஸைக் காத்து நின்ற வெண்டெலுக்கு முன்னால் மண்ணில் பட்டு எகிறி, அவர் தோளைத் தாண்டிப் போனது. மைதானம் முழுக்கத் திரும்பி, ஸ்கோரர் இருந்த கூண்டைப் பார்த்தது. எர்ரர் என்று சொல்லியிருந்தால் நோ-ஹிட்டர் பிழைத்திருக்கும். எமிலையும் ஊர் தலையில் வைத்துக் கூத்தாடியிருக்கும். எமில் ஹிட் என்றார்.

அதற்குப் பிறகு முடிதிருத்துபவர்கூட அவரைக் கடைசியில்தான் கூப்பிட்டார். லியோனாவின் பன்னிரண்டாவது பிறந்தநாளுக்கு வெட்டிய கேக், சாப்பிட யாரும் வராமல் மூன்று நாள் குளிர்பெட்டியில் கிடந்தது. உலை வாயை மூடலாம், ஊர் வாயை மூட முடியுமா?

"மைதானத்துச் சுவர்ல ஒரு பலகை வைக்கறாங்க" என்றார் டெல்பர்ட். "ஒரே ஆட்டத்துல நாலு ஹோம் ரன் அடிச்சவன், ஒன்பதே பந்துல மூணு பேரை அனுப்பினவன், தனியாளா நின்னு ஒரே பந்துல மூணு அவுட் எடுத்தவன்... எல்லார் பேரும் வருது. எனக்கும் ஒரு வரி இடம் விட்டிருக்காங்க. தப்பாச் சொல்லிட்டேன்னு சாகறதுக்கு முன்னாடி அப்பா வருத்தப்பட்டார்னு நீ ஒரு கையெழுத்துப் போட்டுக் குடுத்தாப் போதும்."

"அவர் வருத்தப்படலையே."

"அது யாருக்குத் தெரியும்?"

"எனக்குத் தெரியும்."

நன்றாகவே தெரியும். கடைசி இரவு ஆஸ்பத்திரியில் அவளே வெட்கத்தை விட்டுக் கேட்டிருந்தாள். "அது எர்ரர்தான்னு ஒரு வார்த்தை சொல்லிடுங்கப்பா. நாளைக்கு உங்களைத் தூக்க நாலு பேர் வரணும்." எமில் மூக்கிலிருந்த குழாயை நகர்த்திவிட்டு, "ஹிட்" என்றார். கொஞ்சம் மூச்சு வாங்கிக்கொண்டு, "நீயும்தான பாத்த?" என்று கேட்டார்.

அவளும்தான் பார்த்தாள். மூன்றாவது பேஸுக்கு நேர் பின்னால் உட்கார்ந்திருந்தாள். யார் கேட்டாலும், நான் கவனிக்கவில்லை என்று முப்பத்து நான்கு வருடம் சொல்லிச் சமாளித்தவள். இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள்.

"செத்தவருக்கு இனிமே என்ன நஷ்டம்?" என்றார் டெல்பர்ட். "உசுரோட இருக்கறவன் பேராவது சுவர்ல ஏறட்டுமே."

"நான் பாத்தேன், டெல்பர்ட். அது ஹிட். தட்டைக் கழுவிக் குடுத்தனுப்பறேன், கிளம்புங்க."

"அப்பனுக்குத் தப்பாமப் பொறந்திருக்க."

"ஆமா" என்றாள். அவர் ஏச்சாகச் சொன்னது அவளுக்கு இனித்தது.

மாலையில் சவ அடக்க நிலையத்துக்கு ஊர் வந்திருந்தது. உயிரோடு இருந்தவரை ஒதுக்கி வைத்த ஊருக்கு, இறந்த பிறகு வராமலிருக்கத் துணிச்சல் இல்லை. திறந்த பெட்டியில் எமில் டை கட்டிப் படுத்திருந்தார். கடைசியாக முகம் பார்க்க நின்றவர்களின் வரிசை கதவுவரை நீண்டிருந்தது. டெல்பர்ட் மட்டும் வரிசையில் சேராமல், காப்பிப் பாத்திரத்துப் பக்கம் நாலு பேரைச் சேர்த்துக்கொண்டு நின்றார்.

வெண்டெலின் முறை வந்தது. பெட்டிமேல் நன்றாகக் குனிந்தார். பக்கத்தில் நின்ற லியோனாவுக்குக் காதில் விழுந்தது.

"மன்னிச்சுக்குங்க மிஸ்டர் வோடிச்கா. பத்து கை இருந்திருந்தாலும் அதை நான் பிடிச்சிருக்க முடியாது."

என் தப்புதான், நான் பிடித்திருக்க வேண்டும் என்று வெண்டெல் அன்றைக்கே சொல்லிவிட்டார் என்பதுதான் இத்தனை வருடமும் ஊர் கையில் வைத்திருந்த ஒரே சாட்சி.

"அப்புறம் ஏன் அப்படிச் சொன்னீங்க?"

"டெல்பர்ட் அன்னிக்குத் துண்டை வாயில திணிச்சுக்கிட்டு அழுதான், லியோனா. பிட்சர்கிட்ட நாங்க எல்லாரும் அப்படித்தான் சொல்லுவோம். உன்னை அடிச்சுட்டான்டான்னு எவனும் சொல்ல மாட்டான். அது வெறும் ஆறுதல். ஊர் அதைப் பிடிச்சுக்கிட்டுத் தொங்கும்னு நான் கண்டேனா?"

"தொங்கின பிறகு?"

வெண்டெல் தரையைப் பார்த்தார். "பெரிய மனசுக்காரன்னு எல்லாரும் எனக்கு பீர் வாங்கிக் குடுத்தாங்க."

"இதை அப்பாகிட்ட எதுக்குச் சொல்றீங்க? அவருக்குத்தான் அன்னிக்கே தெரியுமே" என்றாள் லியோனா. அவர் முழங்கையைப் பிடித்துக் காப்பிப் பாத்திரத்துப் பக்கம் நடத்திப் போனாள். "இங்க சொல்லுங்க. எல்லாருக்கும் கேக்கற மாதிரி."

வெண்டெல் இரண்டு தரம் தொண்டையைச் செருமினார். "டெல்பர்ட், அது என் தப்பு இல்லடா. மண்ணுல பட்டு எகிறிடுச்சு. என் கைக்கு வரவே இல்ல."

"அன்னிக்குச் சொன்னியேடா?" என்றார் டெல்பர்ட்.

"நீ அழுதடா."

டெல்பர்ட்டின் முகம் சுருங்கியது. யாரையாவது அடிக்கப் போகிறவர் போலச் சுற்றிலும் பார்த்தார். அடிப்பதற்கு அங்கே யாரும் இல்லை. "அப்போ இத்தனை வருஷமா அந்த மனுஷனை நான்..." என்று ஆரம்பித்தவர், கூட்டத்தை விலக்கிக்கொண்டு பெட்டியை நோக்கி நேராக நடந்தார்.

லியோனா அவருக்கு முன்னால் போய் நின்றாள். அப்பாவின் உயரம் அவளுக்கு இல்லை. நிமிர்ந்துதான் பேச வேண்டியிருந்தது.

"வரிசை அந்தப் பக்கம், டெல்பர்ட்."

அவர் அவளைப் பார்த்தார். அவள் நகரவில்லை. வரிசையில் நின்ற யாரும் அவருக்கு இடம் விடவும் இல்லை.

டெல்பர்ட் தொப்பியைக் கழற்றினார். கதவுவரை திரும்ப நடந்துபோய், பேக்கரிக்காரரின் மனைவிக்குப் பின்னால் கடைசி ஆளாக நின்றார்.