பொய்ச் சாவுக்கு ஏந்திய கைகள்

மத்லூபா இதற்கு முன் எழுதிய இரண்டு நாடகங்களையும் கம்யூனிஸ்ட் கட்சி அதிகாரிகள் முன்னோட்டத்தன்றே நிறுத்திவிட்டார்கள். இதுவும் போனால் மர்கிலான் நாடக அரங்கில் அவளுக்கு வேலையில்லை. பழையபடி பட்டு ஆலையில் வெந்நீரில் கைவிட்டு நூல் எடுக்க வேண்டியதுதான்.

அதனால் பயந்து பயந்து எழுதினாள். மாமியார் வருகிறாள் என்று கேட்டதும் செத்தவன்போல் படுத்துக்கொள்ளும் ஒரு சமையல்காரன் கதை. மேடையில் தொழுகை வாடையே வரக்கூடாது என்பது சட்டம். சாவு வீடாயிற்றே என்று வரிவரியாகச் சலித்தெடுத்தாள்.

முன்னோட்டத்தன்று முன்வரிசையில் மாவட்டக் கலைத்துறைத் தலைவர் நசீரவ். பக்கத்தில் தாஷ்கண்டிலிருந்து வந்த ரஷ்ய மேலதிகாரி. பின்னால் ஆலைத் தொழிலாளிகள். நசீரவ் தொப்பை குலுங்கச் சிரித்தார். திரைமறைவில் நின்ற மத்லூபாவுக்கு அப்போதுதான் மூச்சே வந்தது.

பக்கத்து வீட்டுக்காரனாக நடித்த எர்காஷ் பிணத்தின் தலைமாட்டில் உட்கார்ந்தார். "நல்ல மனுஷன்யா! என் கழுதைய இரவல் வாங்கினவன், திருப்பிக் கட்டாமலே போயிட்டான்." அதோடு எழுந்துவிட வேண்டும். சாவு வீட்டில் உட்கார்ந்து பழகிய உடம்பு. செத்தவருக்காக இறைவனிடம் வேண்டுகிறவர்போல் இரண்டு உள்ளங்கைகளையும் ஏந்தி முகத்தில் தடவிக்கொண்டார்.

அரங்கமே கையேந்தியது. நசீரவும் ஏந்தினார். முகத்தைத் தடவி முடித்த பிறகுதான், மேலதிகாரி தன்னையே பார்ப்பதைக் கண்டார்.

"விளக்கப் போடு! நிறுத்து!" என்று நசீரவ் கத்தினார்.

"தங்கச்சி, சத்தியமா நெனச்சுச் செய்யல. கை தானாப் போயிருச்சு" என்றார் எர்காஷ் மத்லூபாவிடம்.

"பொணமாக் கெடந்த எனக்கே கை துடிச்சுச்சுண்ணே" என்றான் சமையல்காரனாக நடித்தவன். யாரும் சிரிக்கவில்லை.

நசீரவ் அவளைத் தனியே கூப்பிட்டார்.

"நல்லா இருந்துச்சும்மா. வயிறு வலிக்கச் சிரிச்சேன்."

"அந்தக் காட்சிய எடுத்துடுறேன் ஐயா. இன்னைக்கே மாத்திடுறேன்."

"எதை எடுப்ப? நீ எழுதினதுல தப்பே இல்லையே. என் கைய எங்க கொண்டு போய் வெட்டுறது?" குரலைத் தாழ்த்தினார். "இந்த நாடகம் நடக்குற வரைக்கும் நான் கையேந்தினதத்தான் ஊரு பேசும்."

"அப்ப... வேற ஒண்ணு எழுதட்டுமா?"

"உன் பேரப் பாத்தாலும் அதானம்மா ஞாபகம் வரும்."

திங்கட்கிழமை ஆலையில், வெந்நீர் ஆவிக்கு நடுவிலிருந்து ஒருத்தி கேட்டாள்: "ஏ மத்லூபா, பாதியில நிறுத்திட்டாங்களே, அந்தச் சமையல்காரன் கடைசியில எந்திரிச்சானா?"

"இல்லக்கா," என்றாள் மத்லூபா. "பொதைச்சுட்டாங்க."