வலப்பக்கத்துப் பதக்கம்

கறுப்பு வெல்வெட் திண்டில் வெள்ளிச் சிலுவைப் பதக்கத்தைக் குத்திக்கொண்டிருந்தாள் ஃபிலிப்பா. ஊசி இரண்டு தடவை நழுவி விரலில் ஏறியது. பதினொரு மணிக்குச் சவ வண்டி வந்துவிடும். அவள் அப்பா, பீரங்கிப் படையின் முன்னாள் மேஜர் சர் ஜெர்வாஸ் மார்லோட், பக்கத்து அறையில் பெட்டிக்குள் படுத்திருந்தார். கடைசிப் பத்து வருடம் அவருக்குக் காது கேட்கவில்லை. பீரங்கிக்காரர்களுக்குத் தொழில் தரும் சீதனம் அது. அவரோடு கத்தியே பேசிப் பழகியவளுக்கு இன்று வீட்டில் மெதுவாகப் பேசுவது விநோதமாக இருந்தது.

சமையலறை மேசையில் டாம் எக்கிள்ஸ் தேநீர் குடித்துக்கொண்டிருந்தார். அப்பாவின் கீழ் சார்ஜென்டாக இருந்தவர். திண்டை ஏந்திப் பெட்டிக்கு முன்னால் நடப்பதற்கென்றே வட இங்கிலாந்தின் லங்காஷயரிலிருந்து ரயிலேறி வந்திருந்தார். ரொட்டியில் மார்மலேடைத் தடவியபடி வெகுநேரம் திண்டையே பார்த்தார்.

"அது ரூபர்ட் ஐயாவோடதாச்சே. இதுல எதுக்கும்மா குத்துறீங்க?"

ரூபர்ட் என்பவர் அப்பாவின் அண்ணன். காலாட்படைக் கேப்டன், இத்தாலியில் இறந்துபோனவர். அவர் போனதால்தான் குடும்பத்தின் 'சர்' பட்டம் தம்பிக்கு வந்தது. இதெல்லாம் ஃபிலிப்பாவுக்குத் தெரியும். சிலுவை யாருடையது என்று மட்டும் அவள் கேட்டதே இல்லை. அப்பாவின் மேசையில் இருந்தது, அப்பா அணிந்தார், ஆகவே அப்பாவுடையது.

"அப்பா ஒவ்வொரு நவம்பரும் போட்டுக்குவாரே?"

"போட்டுக்குவாரு. வலது பக்கம். தான் சம்பாரிச்சதுன்னா இடது பக்கம், செத்துப்போன சொந்தக்காரங்களோடதுன்னா வலது பக்கம். பட்டாளத்துச் சமையக்காரனுக்கும் தெரியுமே இது."

பட்டாளத்துக்காரர் மகளுக்குத் தெரியவில்லை.

ஆறு வருடங்களுக்கு முன், போரில் இறந்தவர்களின் நினைவுக்கல்லுக்குப் போகும் ஞாயிற்றுக்கிழமையில், கிழவருக்குக் கண்ணும் மங்கி இடம் வலம் தெரியாமல் குத்திக்கொண்டார் என்று நினைத்து, அவளே சிலுவையைக் கழற்றி இடப்பக்கம் மாற்றினாள். அவர் ஏதோ சொல்ல வாயெடுத்தார். "தப்புப் பக்கம்ப்பா" என்று காதருகே கத்தினாள். அதன் பிறகு வருடா வருடம் அவள் மாற்றுவாள். அவர் கைகளைத் தொங்கவிட்டு, முகவாயைச் சற்றுத் தூக்கி, சவரத்துக்குக் காட்டுபவரைப் போல நிற்பார். ஊரே பார்த்தது. பெற்ற அப்பனை ஆறு வருடம் பொய்யனாக நிறுத்தியிருக்கிறாள். அதோடு விட்டாளா? பாதிரியாருக்கு எழுதிக் கொடுத்த வாழ்க்கைக் குறிப்பிலும் 'வீரத்துக்காகச் சிலுவை பெற்றவர்' என்று சேர்த்திருந்தாள். அது அச்சாகி, இந்நேரம் தேவாலய பெஞ்சுகளில் கிடக்கும்.

"ஏன் அவர் எங்கிட்ட சொல்லல?" என்றாள்.

எக்கிள்ஸ் ரொட்டியைக் கீழே வைத்தார். பிறகு ரூபர்ட் இறந்த அந்த ஜனவரிக் காலையைப் பற்றிச் சொன்னார். மூடுபனி. ரூபர்ட்டின் ஆட்கள் ஆற்றைக் கடந்து போக, அவர்கள் தலையைத் தாண்டி எதிரிமேல் குண்டு விழ வேண்டும். மேட்டில் உட்கார்ந்து, தொலைபேசியில் தூரக்கணக்குச் சொன்னவர் அப்பா. அதைப் பீரங்கியில் வைத்தவர் எக்கிள்ஸ். சில குண்டுகள் எட்டவில்லை. ரூபர்ட்டின் ஆட்கள் மேலேயே விழுந்தன.

"மொத்தம் இருபத்திநாலு பீரங்கிம்மா. யாரோட குண்டுன்னு எவனுக்குத் தெரியும்? அவரு சரியாத்தான் சொன்னாரு. நானும் சரியாத்தான் வெச்சேன்." யாரும் கேட்காமலே இன்னொரு தடவை சொன்னார். "சரியாத்தான் வெச்சேன்."

ஒவ்வொரு ஜனவரியும் அப்பா எக்கிள்ஸ் வீட்டுக்குப் போவார். புறாப் பந்தயம் பார்க்கப் போகிறார் என்று அவள் நினைத்திருந்தாள். புறாவுமில்லை, பந்தயமுமில்லை. அன்றைக்கு என்ன கணக்குச் சொன்னேன் என்று கேட்பாராம். எக்கிள்ஸ் சொல்வார். தலையாட்டிவிட்டு, தேநீரைக் குடித்துவிட்டுத் திரும்பிவிடுவாராம். காது போன பிறகு தாளில் எழுதிக் காட்ட வேண்டியிருந்தது.

அவருடைய சொந்தப் பதக்கங்கள் எங்கே என்று எக்கிள்ஸ் கேட்டார். மேசையின் அடி இழுப்பறையில் ஓர் அட்டைப் பொட்டலம் இருந்தது. 1948ஆம் வருடத்து அரசாங்கத் தபால். முத்திரையே பிரிக்கவில்லை.

அவளும் பிரிக்கவில்லை. அண்ணனைக் கொன்றோமோ என்று நினைத்துத் தன்னையே தண்டித்துக்கொண்டாரா? அப்படியென்றால் மகள் இடப்பக்கம் மாற்றியபோது ஏன் தடுக்கவில்லை? பாசமா, களைப்பா, வேறு ஏதாவதா? அவர்மேல் கோபம் வந்தது. கோபம் வந்ததற்காக அழுகை வந்தது. ஒன்றும் பிடிபடவில்லை. சிலுவையை எடுத்துவிட்டுப் பொட்டலத்தை அப்படியே திண்டில் வைத்துக் கறுப்பு நூலால் கட்டினாள். சிலுவையைத் தன் கறுப்புக் கோட்டில், வலப்பக்கம் குத்திக்கொண்டாள். பிரசங்க மேடை ஏறுமுன் பாதிரியாரைப் பிடித்து, குறிப்பு தப்பு என்று சொல்லிவிட வேண்டும். அவரை அந்தப் பொய்யோடு புதைக்கக் கூடாது. இது ஒன்றாவது அவளால் முடியும்.

தேவாலய வாசலில் பெட்டியை இறக்கிக்கொண்டிருந்தார்கள். எக்கிள்ஸ் திண்டை ஏந்தி முன்னால் நின்றார். பாதிரியாரின் மனைவி மிஸஸ் டில்னி ஓடிவந்து ஃபிலிப்பாவைக் கட்டிக்கொண்டாள். நல்ல மனுஷி; யார் வீட்டுச் சாவென்றாலும் முதலில் கேக் கொண்டுபோவது அவள்தான். அவள் பார்வை சிலுவையில் விழுந்தது.

"அப்பா மெடலா? அவசரத்துல தப்புப் பக்கம் குத்திட்டியே கண்ணு. இரு, நான் மாத்திவிடறேன்."

சொல்லும்போதே கையுறைகளைக் கழற்றியிருந்தாள். ஃபிலிப்பா வாயெடுத்தாள். அப்பாவுடையது இல்லை என்றால், யாருடையது என்று சொல்ல வேண்டும். அவர் எப்படிச் செத்தார் என்று சொல்ல வேண்டும். நான்கடி தள்ளி நின்ற எக்கிள்ஸின் கழுத்து சிவந்திருந்தது. அவருக்குக் காது இன்னும் கொஞ்சம் கேட்கும்.

குளிரில் மிஸஸ் டில்னியின் விரல்களுக்கு ஊசி பிடிபட நேரமாயிற்று. ஃபிலிப்பா கைகளைத் தொங்கவிட்டு, முகவாயைச் சற்றுத் தூக்கி நின்றாள்.