பலகையில் ஒன்பதாவது பெயர்

பதினோரு மணிக்குக் கலெக்டர் வந்து துணியை விலக்க வேண்டும். மேல்பேட்டை நகராட்சிக் கூடத்தில் மாட்டியிருந்த அந்தப் பலகை ஜோதியின் வேலை. ஐம்பத்திரண்டிலிருந்து நடந்த பதினாறு சட்டசபைத் தேர்தலிலும் இந்தத் தொகுதியில் ஜெயித்தவர்களைத் தேடிப் பட்டியல் போட்டவள் அவள்தான். அடியில் "சரிபார்த்தேன்" என்று கையெழுத்தும் போட்டிருந்தாள். தற்காலிக டைப்பிஸ்ட். ஒப்பந்தம் இன்றோடு முடிகிறது. ஒரு வருஷ நீட்டிப்பு உத்தரவு, கையெழுத்துக்காக ஆணையர் சீனிவாசனின் மேஜையில் கிடந்தது.

பத்து மணிக்கு ஓர் அம்மாள் வந்து நின்றாள்.

"பட்டியல் போட்டது நீதானா? எண்பத்தொம்பதுல யாரு பேரு போட்டிருக்கே?"

"எம்.எல்.ஏ. பாஷா, அக்கா. அஹமது பாஷா."

"நான் தேவிகா. எங்கப்பா செங்கல்வராயன். தொண்ணூத்தொரு ஓட்டு வித்தியாசத்துல ஜெயிச்சாரு. இந்தா சர்டிபிகேட்டு."

ஜோதி வாங்கிப் படித்தாள். முத்திரை, தேதி, எல்லாம் சரியாக இருந்தது. அந்த வருஷத்துக் காகிதம் மட்டும் ஆபீஸில் மழையில் நனைந்து போயிருந்தது. அதனால் டீக்கடை, பள்ளிவாசல் தெரு, தோல் பதனிடும் டேனரி வாசல் என்று போய் விசாரித்திருந்தாள். "எண்பத்தொம்பதுல யாரு எம்.எல்.ஏ.?" கேட்ட அத்தனை பேரும் ஒரே பதில் சொல்லியிருந்தார்கள். எம்.எல்.ஏ. பாஷா. ஒரு ஊரே ஒரே வாயாகப் பொய் சொல்லுமா?

"அது பட்டப்பேருடி" என்றாள் தேவிகா. "எங்கப்பா ஜெயிச்சிட்டு ஊர்ப்பக்கம் வரல. அது எங்களுக்கும் வெட்கம்தான். ஆனா ஜெயிச்சது அவருதானே?"

ஜோதி ஆணையரிடம் ஓடினாள். சீனிவாசன் சர்டிபிகேட்டைப் பார்த்துவிட்டுக் கதவைச் சாத்தினார்.

"இன்னிக்கு விட்டுடு. அடுத்த மாசம் சத்தமில்லாம மாத்திக்கலாம்."

"அந்தக்கா வாசல்ல நிக்கிறாங்க சார்."

"உட்கார வச்சு காபி குடு. இப்ப மாத்தினா, தப்பு யாருதுன்னு கலெக்டர் கேப்பாரு. உன் கையெழுத்து இருக்கு. அதுக்கப்புறம் உன் ஆர்டர்ல நான் எப்படிக் கையெழுத்து போடறது? யோசிச்சிக்கோ."

வெளியே வந்தால், முதல் வரிசையில் பாஷாவின் மனைவி ஜஹீருன்னிசா புதுப்புடவை கட்டி உட்கார்ந்திருந்தாள். எம்.எல்.ஏ.க்களின் குடும்பத்துக்குப் பொன்னாடை என்று அழைப்பிதழ் அனுப்பியதும் ஜோதிதான். ஜோதி அவள் பக்கத்தில் போய்க் குனிந்தாள்.

"அம்மா, பேரு தப்பாயிடுச்சு."

"தெரியும். அவரு எங்க ஜெயிச்சாரு?"

"தெரிஞ்சுமா வந்தீங்க?"

"கார்டு போட்டு நீதானே கூப்பிட்டே? தோத்த மறுநாளே பத்து பேரு வந்தாங்க. பாலாத்துல டேனரித் தண்ணி உட்றாங்க, மனு எழுதிக் குடுங்கன்னு. நான் தோத்துட்டேன்பான்னாரு. பரவால்ல எம்.எல்.ஏ., எழுதுங்கன்னாங்க. சாகற வரைக்கும் எழுதினாரு." அவள் நிமிர்ந்து பார்த்தாள். "இப்ப இன்னா, பேர அழிக்கப் போறியா?"

"அழிக்கணும்மா."

"அழி. எழுந்து மட்டும் போவமாட்டேன்."

பெயின்டர் ஜோசுவா கூடத்துக்குப் பின்னால் பிரஷ் கழுவிக்கொண்டிருந்தார்.

"அண்ணே, ஒன்பதாவது பேரு மாத்தணும். உடனே."

"ஐயா சொன்னாரா?"

"நான் சொல்றேன்."

"காயாதும்மா."

"காயலைன்னா போவட்டும்ணே."

கலெக்டர் கார் வாசலில் நின்றபோதுதான் ஜோசுவா துணிக்குள்ளிருந்து வெளியே வந்தார். சீனிவாசன் அவர் கையிலிருந்த பெயின்ட் டப்பாவைப் பார்த்தார். பிறகு ஜோதியைப் பார்த்தார். அவள் தலையைக் குனியவில்லை.

துணி விலகியது. ஒன்பதாவது வரியில் மட்டும் எழுத்து ஈரமாக மினுங்கியது. கூட்டத்தில் யாரோ எழுத்துக்கூட்டிப் படித்தார்கள். அவ்வளவுதான், நாற்காலிகள் கிறீச்சிட்டன.

"பாஷா பேரு எங்க?"

"யாருய்யா செங்கல்வராயன்? மூஞ்சியே பார்த்ததில்ல!"

"எம்.எல்.ஏ. பேர எவன் எடுத்தான்?"

நாலைந்து பேர் மேடைப் பக்கம் நகர்ந்தார்கள். தேவிகா சுவரோடு ஒட்டிக்கொண்டாள். கலெக்டர் திரும்பி, "யார் இதை மாத்தினது?" என்றார்.

"நான்தான் சார்" என்றாள் ஜோதி. மேடையில் ஏறி நின்றாள். "முதல்ல தப்பா எழுதினதும் நான்தான். ஜெயிச்சவர் இவர்தான், அத்தாட்சி இருக்கு."

"ஏய், இறங்குடி கீழே!" என்று ஒரு குரல்.

ஜஹீருன்னிசா எழுந்து கூட்டத்தைப் பார்த்துத் திரும்பினாள்.

"இன்னாடா சத்தம்? அன்னிக்கு இன்னும் நூறு பேரு ஓட்டு போட்டிருந்தா இன்னிக்குப் பேரு இருந்திருக்கும். வேலைக்கு அவரு, ஓட்டுக்கு வேற ஆளா? உக்காருங்கடா."

தலை நரைத்த இரண்டு பேர்தான் முதலில் உட்கார்ந்தார்கள். பொன்னாடைக்குத் தேவிகாவைக் கூப்பிட்டார்கள். அவள் ஜஹீருன்னிசாவின் முகத்தைப் பார்க்காமலே மேடை ஏறி இறங்கினாள்.

மத்தியானம் சீனிவாசன் கூப்பிட்டனுப்பினார். உத்தரவில் "ஒரு வருடம்" என்றிருந்ததைப் பேனாவால் அடித்து, மேலே "மூன்று மாதம்" என்று எழுதியிருந்தார்.

"நீக்கணும்னுதான் நெனச்சேன். கலெக்டர் வேணாம்னுட்டாரு" என்று காகிதத்தை நீட்டினார். "அடிச்சுத் திருத்தினதுல கையெழுத்து போடக்கூடாது. போய் இதைப் புதுசா டைப் பண்ணி எடுத்துக்கினு வா."