ஒசெய் சொன்னதும் நுயி சொல்லாததும்

1

ஓர் ஊமைப்படக் காட்சியிலிருந்து இந்தக் கதை வந்தது. ஒசெய் என்ற பெண் தகப்பன்முன் தலைகுனிகிறாள். உதடுகள் அசைகின்றன. வசனத்தைக் காட்டும் எழுத்து அட்டை வரவில்லை. வீட்டிலேயே இருப்பதாகச் சொல்கிறாளா, போவதாகவா? பலமுறை பார்த்தும் எனக்குத் தெரியவில்லை.

எங்கள் கனசாவா நகரில் அந்தச் சந்தேகத்தைப் பென்ஷி தீர்த்துவைப்பார். திரைக்குப் பக்கத்தில் நின்று படத்தில் வரும் எல்லாருக்கும் அவரே பேசுவார். ஆகவே இது பென்ஷி உகாயின் கதை. (நேற்றுவரை அப்படித்தான் நினைத்தேன்.)

2

"உகாய் தொண்டையை நனைத்துக்கொண்டு மேடையேறியபோது, அவருடைய மகள்—"

வேண்டாம். மகளை முதலில் சொல்லவேண்டும்.

நுயி. ஒரே பிள்ளை. சோயா விழுதான மிசோ விற்கும் குடும்பக் கடை அவளுக்குத்தான். அதனால் உகாய் என்ற குடும்பப் பெயரை ஏற்று வீட்டோடு தத்துவரும் மாப்பிள்ளையைத்தான் அவள் கட்டலாம். அவள் விரும்புவது அரங்கில் வயலின் வாசிக்கும் மினெகிஷியை. அவனோ தன் வீட்டுக்கு மூத்த மகன். இன்று மாலை ரயிலில் ஒசாகா போகிறான்.

மதியக் காட்சிக்குமுன்:

"அவரைத் தத்து எடுத்துக்கலாமேப்பா."

"மூத்த மகனை எவன் குடுப்பான்? அவங்க வீடு என்ன ஆகும்?"

"அப்ப நான் போறேன்."

"திரையில எத்தனை பொண்ணுங்களை அழவெச்சவன் நான்! எங்கிட்டயே நடிக்காத."

"நடிக்கலப்பா. நீங்க பேசவே விடல."

(கடைசி வரியை இருமுறை அடித்துவிட்டு மறுபடி எழுதினேன். அளவுக்கு மீறிப் பொருந்துகிறது.)

3

படம் ஓடுகிறது. நுயி நடுவரிசையில். மேடைக்குக் கீழே மினெகிஷி. ஒசெய் குனிகிறாள். இந்த இடத்தில் உகாய் தினமும் ஒரே வசனம்தான் பேசுவார். இன்று பேசியது:

"நான் எங்கயும் போகலப்பா. உங்க நுயி இங்கயேதான் இருப்பா."

பெயர் மாறியது அவருக்குத் தெரிந்ததாகத் தோன்றவில்லை. அரங்கம் சிரித்தது.

"யாருய்யா அந்த நுயி?"

"வாத்தியார் மதியமே ஊத்திக்கிட்டாரு!"

வயலின் நின்றது. நுயி எழுந்தாள்.

4

இங்கே இரண்டு முடிவுகள் வைத்திருந்தேன். ஒன்றில் அவள் வாசலுக்குப் போகிறாள்; மினெகிஷி வயலினைப் பெட்டிக்குள் வைக்கிறான். மற்றொன்றில் உட்கார்ந்துவிடுகிறாள். முதலாவதை எழுதினால் உகாய் பாவமாகத் தெரிகிறார். இரண்டாவதை எழுதினால் எனக்கே—

அவர் வாய் தவறினாரா, ஊர் கேட்கக் கெஞ்சினாரா? அதுவும் தெளிவாகவில்லை.

பின்னாலிருந்து ஒரு குரல்:

"உட்காரும்மா, படம் மறைக்குது!"

அந்தக் குரலை யாருக்குக் கொடுப்பது? அவளுக்கு நேர் பின்னால் இதை வாசிக்கும் நீங்கள்தான் இருக்கிறீர்கள்.

அவள் திரும்பி உங்களைப் பார்க்கிறாள்.