மாலை போடாத படம்

காலி வீட்டை யாரும் வாங்கமாட்டார்கள். சுண்ணாம்பு வாடை அடிக்கிற ஹாலில் நின்று, இங்கே கட்டில், அங்கே டி.வி. என்று யோசித்துப் பார்க்க நம் ஆட்களுக்குப் பொறுமை கிடையாது. அதனால்தான் பழைய வீடுகளை வாங்கிப் பூசி விற்கும் சுபாஷ் என்னைக் கூப்பிடுகிறான். நான் போய் சோபா போடுவேன், ஜன்னலுக்குத் துணி கட்டுவேன், அடுப்பின் மேல் பால் குண்டான் வைப்பேன், கொடியில் ஓர் ஈரத் துண்டைப் போடுவேன். நாலு பேர் இப்போதுதான் எழுந்து வெளியே போன மாதிரி இருக்கும். இதற்குப் பெயர் ஸ்டேஜிங்காம். பதினாறு வருஷம் திருவிழா திருவிழாவாக ஸ்டேஜில் ஆடியவளுக்குச் சொல்லிக்கொடுக்கிறான்.

ஆடின காலும் பாடின வாயும் சும்மா இருக்காது என்பார்கள். என் கால் சும்மா இருந்துவிட்டது. கூட ஆட ஆள் இல்லை.

அந்த ஆள் என் புருஷன் இளமாறன். நான் மாறன் என்றுதான் கூப்பிடுவேன். ஆடல் பாடல் ட்ரூப்பில் அவர் காமெடி, நான் டான்ஸ்; ஜோடிப் பாட்டுக்கு அவரும் கூட ஆடுவார். ஆறு வருஷத்துக்கு முன்னால் கல்வராயன் மலையில் ஒரு திருவிழாவுக்குப் போயிருந்தோம். மறுநாள் காலை வேனில் சாமான் ஏற்றிக்கொண்டிருந்தபோது, “ஆண்டாளு, ஒரு டீ குட்ச்சிட்டு தோ வந்துடறேன்” என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனார். டீக்கடைக்கு அவர் வரவேயில்லை என்று கடைக்காரர் சத்தியம் செய்தார். போலீஸும் ஊர் ஜனங்களும் பதினோரு நாள் ஓடையெல்லாம் தேடினார்கள். ஒற்றைச் செருப்பு கிடைத்தது.

அந்தச் செருப்பு மாதிரியே ஒரு ஜோடி, எட்டாம் நம்பர், வாங்கி வைத்திருக்கிறேன். எந்த வீட்டை ஜோடித்தாலும் வாசலில் அதைத்தான் விடுவேன். ஆண்பிள்ளை செருப்பு கிடந்தால் வீட்டுக்கு ஒரு களை என்று சுபாஷிடம் சொல்லியிருக்கிறேன். வெளியே பார்க்க வைத்துவிட்டு வருவேன். சில நாள் காலையில் போனால் உள்ளே பார்க்கத் திரும்பியிருக்கும். பெருக்குகிறவள் தள்ளியிருப்பாள், எனக்குத் தெரியாதா? தெரிந்தாலும் முதலில் போய்ப் பாத்ரூமை எட்டிப் பார்ப்பேன்.

ஜோடிக்கிற வீட்டு ஹால் சுவரில் அவர் படம். நீலக் கட்டம் போட்ட சட்டை, அரிதாரம் இல்லாத முகம், பல் தெரியச் சிரிப்பு. அந்தப் படத்தை என் வீட்டில் மாட்ட வழியில்லை. மாட்டினால் மாமியார் சின்னக்கண்ணு மாலை போட்டுவிடுவாள்.

“ஆறு வருசம் ஆச்சி. ஒரு மாலய போட்டு ஒரு பொங்க பூச வெச்சாதான அவன் நிம்மதியா போய் சேருவான்? நீ இன்னாடி பூவும் பொட்டும் வெச்சிக்கினு திரியற?” என்பாள்.

“செத்தவங்களுக்குத்தான் அத்த மால. உங்க புள்ள டீ குடிக்கப் போயிருக்காரு.”

பெற்றவள், பாவம், சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொள்வாள். எனக்கு மட்டும் சந்தோஷமா? யாருடைய வீட்டிலாவது மாலை இல்லாமல், பொட்டு இல்லாமல், வெறும் மனுஷனாக அவர் தொங்கட்டும் என்று ஒரு பிடிவாதம்.

போன மாசம் சின்னசேலத்து வீட்டைப் பார்க்கப் பூமாலை என்பவரும் அவர் சம்சாரம் லட்சுமியம்மாளும் வந்தார்கள். அவர் சர்க்கரை ஆலையில் ரிடையர் ஆனவர். அந்தம்மா படத்தின் முன்னால் நின்றாள்.

“இவரு யாரும்மா?”

“வூட்டுக்காரருங்க. டீ குடிக்கப் போயிருக்காரு, தோ வந்துடுவாரு.”

வழக்கமாக எல்லாரிடமும் சொல்வதுதான். பொய் சொல்கிற மாதிரியே எனக்குத் தோன்றாது.

வீடு அவர்களுக்கே முடிந்தது. வழக்கமாகப் பத்திரம் பதிந்த அன்றே போய் என் சாமானை எடுத்துவிடுவேன், முதலில் படத்தைத்தான் இறக்குவேன். இந்தத் தடவை காய்ச்சலில் படுத்துவிட்டேன். சுபாஷின் லோடு ஆட்கள் ஏற்றி வந்தார்கள். சோபா வந்தது, பால் குண்டான் வந்தது, செருப்பு வந்தது. படம் வரவில்லை. லோடு ஆளுக்குப் போன் போட்டால், “அது வூட்டுக்காரங்க படம்னு வுட்டுட்டோம்க்கா” என்கிறான். அவனைத் திட்டி என்ன ஆகப்போகிறது? மறுநாள் விடிந்ததும் பஸ் ஏறினேன்.

வாசலில் மாவிலைத் தோரணம். அன்றுதான் பால் காய்ச்சியிருக்கிறார்கள். உள்ளே போனேன்.

மாறனுக்கு சாமந்தி மாலை போட்டிருந்தது. கண்ணாடியின் மேல் நெற்றிக்கு நேராகச் சந்தனம், அதில் குங்குமம். கீழே ஸ்டூலில் விளக்கு எரிந்தது.

லட்சுமியம்மாள் ஓடிவந்து என் கையைப் பிடித்துக்கொண்டாள். “வாம்மா. நீ மறச்சிட்ட, பரவால்ல. பத்தரத்துக்கு சுபாசு மட்டும் வந்தாரு, வூட்டு ஓனரு வரல பாரு, அப்பவே எனக்கு மனசு சொல்லிச்சி. உசுரோட இருக்கறவர் படத்த யாராவது வுட்டுட்டுப் போவாங்களா? அவரு வாழ்ந்த வூடு. அவருக்கு ஒரு மால போடாம நாங்க எப்பிடி பால் காய்ச்சறது?”

என் கை அந்த மாலையைப் பிய்த்துப் போட உயர்ந்தது. அவள் என் முகத்தைப் பார்த்தாள், நெற்றிப் பொட்டைப் பார்த்தாள், தலைப் பூவைப் பார்த்தாள்.

“இவரு உனுக்கு இன்னா வோணும்மா?”

“என் வூட்டுக்காரரு.”

“ஐயோ! இருக்கறவருக்கா போட்டுட்டேன்? நான் பாவி, இன்னா காரியம் பண்ணிட்டேன்!” என்று மாலையைக் கழற்றப் போனாள்.

அப்போதுதான் விளக்குக்குப் பக்கத்தில் இருந்த டம்ளரைப் பார்த்தேன். டீ. மேலே ஆடை கட்டியிருந்தது.

“இது?”

“நீதான டீ குடிக்கப் போயிருக்காருன்னு சொன்ன? பாவம், டீன்னா பிரியம் போலருக்குதுன்னு பால் பொங்கினதும் மொத டம்ளர் அவருக்குத்தான் வெச்சேன்.”

ஆறு வருஷமாக அவர் செருப்பை வாசல் வாசலாகச் சுமந்தேன். சட்டை மாட்டினேன், துண்டு நனைத்துப் போட்டேன். ஒரு டம்ளர் டீ வைக்க எனக்குத் தோன்றவில்லையே! வைத்தால் அவர் குடித்துவிட்டுக் கிளம்பிவிடுவார் என்று பயந்திருக்கிறேன். அது எனக்கு அந்த ஸ்டூலின் முன்னால்தான் தெரிந்தது.

“மாலய எடுக்காதீங்கம்மா. இருக்கட்டும்” என்றேன்.

நல்ல காரியம் நடக்கிற வீடு, அழக்கூடாது. முந்தானையை வாயில் அழுத்திக்கொண்டு, படத்தை மாலையோடு இறக்கிக்கொண்டு, செருப்பைக்கூடச் சரியாக மாட்டாமல் தெருவுக்கு வந்துவிட்டேன்.

பஸ்ஸில் படத்தை மடியில் வைத்திருந்தேன். சாமந்தி உதிர்ந்து புடவையெல்லாம் விழுந்தது. பக்கத்தில் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்த அம்மா கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே வந்தாள்.

“யாரும்மா?”

“வூட்டுக்காரரு.”

“எப்ப தவறனாரு?”

டீ குடிக்கப் போயிருக்காரு என்றுதான் நாக்கு புரண்டது. அதை விழுங்கினேன்.

“இன்னிக்கிக் காலைல” என்றேன்.

அந்த அம்மா எழுந்து, ஜன்னல் சீட்டை எனக்கு விட்டுவிட்டு, தான் இந்தப் பக்கம் உட்கார்ந்துகொண்டாள்.