நோபிலா எங்கே?

"கையைத் தூக்கு," என்றாள் நாத்தனார் போகோ.

தெனே தூக்கினாள். மாமனாரின் கோடுபோட்ட பருத்தி அங்கி தலைவழியாக இறங்கியது. துவைத்து மடித்ததுதான். ஆனாலும் கழுத்தோரத்தில் அவருடைய தைல வாசனை போகவில்லை. போகோ அவருடைய மூக்குக்கண்ணாடியைத் தெனேயின் காதில் மாட்டிவிட்டாள்.

"உன்னைத் தவிர யாருக்கு வரும் இது? நாலு வருஷம் அவரைத் தூக்கி உட்கார வெச்சவ நீ. பெத்த மக எனக்கே அவர் நடை மறந்துபோச்சு."

மாமனார் திராவோகோவை முந்தின நாள் காலையில்தான் புதைத்திருந்தார்கள். நோங்தெங்கா ஊர் அரச வீட்டில் பிறந்தவர். பட்டம் தம்பிக்குப் போனதும் தலைநகருக்குக் கிளம்பியவர், பட்டாளத்தார் ஆட்சியில் ஒன்பது வருஷம் வெளியுறவு அமைச்சராக இருந்தார். அப்படிப்பட்டவர் செத்தால், வாழவந்த மருமகள் ஒருத்தி அவர் உடுப்பைப் போட்டுக்கொண்டு, அவரைப் போல நடந்து, அவரைப் போலப் பேச வேண்டும். அவளைக் குரிதா என்பார்கள். பொழுது சாயும்வரை அவள்தான் அவர். அவள் வாயில் வருவது செத்தவருடைய சொல்.

கணவன் சிபிரி வாசலில் வந்து நின்றான். அங்கியைப் பார்த்ததும் ஒரு கணம் தலையைக் குனிந்துகொண்டான்.

"நோபிலா சம்சாரம் கிப்சா வந்திருக்கா. ஏதாவது கேட்டா 'பார்ப்போம்'னு சொல்லிடு. அப்பா எல்லாத்துக்கும் அதைத்தானே சொல்லுவார்."

"வேற என்ன சொல்லிடுவேன்னு பயப்படறீங்க?"

"அரசாங்கத்து ஆளுங்க முன்வரிசையில உட்கார்ந்திருக்காங்க. நான் தேர்தல்ல நிக்கணும். அவ்வளவுதான்."

அவள் முற்றத்துக்கு வந்தாள். இடது தோளைச் சற்றே இறக்கி, எதிரில் யாரும் இல்லாதது போல நடந்தாள். பெண்கள் கைதட்டினார்கள். சாவு வீட்டில் கேலி பேச உரிமையுள்ள சாமோ இனத்துக்காரன் ஒருவன் வழிமறித்தான்.

"ஐயா, பிளேன் காத்துக்கிட்டிருக்கு. அந்த ஊருக்குப் பாஸ்போர்ட் எடுத்தீங்களா? அங்க உங்களுக்கு சல்யூட் அடிக்க ஆள் கிடையாதாம்."

அவள் கண்ணாடியைக் கழற்றி, அங்கி நுனியால் துடைத்து, மறுபடி மாட்டிக்கொண்டாள்.

"பார்ப்போம்."

முற்றமே சிரித்தது. சிரித்துக்கொண்டிருந்த போகோ சட்டென்று அழ ஆரம்பித்தாள். குரல் அச்சாக அவருடையதாகவே இருந்தது. தெனேக்கும் அது தன் தொண்டையிலிருந்து வந்ததாகத் தோன்றவில்லை.

அப்போது கிப்சா எழுந்து வந்தாள். மெலிந்த உடம்பு, வெள்ளை முக்காடு. நபீகா என்று அழைக்கப்படும் அரச மகனுக்கு முன் மண்டியிடுவது போலவே முறையாக மண்டியிட்டாள்.

"நபீகா, உடம்பு எப்படி?"

"பரவாயில்ல."

"நீங்களும் என் வீட்டுக்காரரும் ஒரே பெஞ்சில உட்கார்ந்து படிச்சீங்க. உயிருக்குப் பயந்து எல்லை தாண்டிப் போனவரைத் திருப்பி அனுப்பச் சொல்லிக் காகிதம் எழுதினது நீங்க. விசாரணை நடக்கும், வந்துருவார்னு என்கிட்டச் சொன்னீங்க. முப்பத்தொரு வருஷமாச்சு. நோபிலா எங்கே?"

யாரும் சிரிக்கவில்லை.

போன வருஷம் முழுக்க, மதியச் சாப்பாடு ஆனதும் மாமனார் எதிரில் இன்னொரு நாற்காலி போடச் சொல்வார். அதன் காலடியில் ஒரு சுரைக்குடுவைத் தண்ணீர் வைக்கச் சொல்வார். "உட்காரு, நோபிலா," என்பார். பிறகு வெகுநேரம் பேச்சு இருக்காது. ஒருநாள் மட்டும் அலுவலகக் கடிதம் வாசிப்பதுபோல, திசையும் தூரமும், தான் கேட்டறிந்த நாளும் சொல்லி, எதையோ அந்த நாற்காலிக்கு விளக்கினார். தெனே பின்னால் நின்று கேட்டாள். சாயங்காலம் குடுவையில் தண்ணீர் குறைந்திருக்கும். கோழிகள் குடித்திருக்கும் என்று சொல்லிக்கொள்வாள். ஆனாலும் அந்த நாற்காலியில் அவள் உட்கார்ந்ததே இல்லை.

அவள் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள். சிபிரி அவளையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"கிழக்கு ரோட்டுல பழைய செங்கல் சூளை. அதுக்குப் பின்னால நாற்பது அடி. மூணு பேரு. நோபிலா நடுவுல."

கிப்சாவின் கை தரையில் ஊன்றியது. "யார் சொன்னாங்க உங்களுக்கு?"

"நான்தான் கேட்டேன். அவனைக் கொண்டுவந்த மறுநாளே கேட்டேன். சொன்னாங்க."

"அப்போ இத்தனை வருஷமாத் தெரியும்."

"தெரியும்."

"ஒவ்வொரு பண்டிகைக்கும் எங்க வீட்டுக்கு ஆட்டுக்கறி அனுப்பினீங்களே. அப்பவும் தெரியும்."

"அப்பவும் தெரியும்."

சிபிரி எழுந்தான். "தெனே, போதும். உள்ள போ."

சடங்கை நடத்திக்கொண்டிருந்த பெரியப்பா தடியை அவனுக்குக் குறுக்கே நீட்டினார். "தெனே இங்க இல்லப்பா. உன் அப்பா பேசிக்கிட்டிருக்கார். உட்காரு."

அவன் உட்கார்ந்தான். முன்வரிசைக்காரர்கள் எழுந்து காரை நோக்கிப் போனார்கள்.

பொழுது சாய்ந்ததும் அங்கியைக் கழற்றினார்கள். அன்றிரவு சிபிரி பாயை எடுத்துக்கொண்டு முற்றத்தில் போய்ப் படுத்தான்.

மறுநாள் காலையில் கிப்சாவின் கொழுந்தன் மூன்றுசக்கர வண்டி கொண்டுவந்தார். சூளையிலிருந்து எந்தத் திசையில் எண்ண வேண்டும் என்று தெரிந்தவள் தெனே ஒருத்திதான். யாரிடமும் கேட்காமல் ஏறிக்கொண்டாள். கிப்சா அவள் முகத்தைப் பார்க்கவில்லை. ஆனால் நகர்ந்து இடம் விட்டாள்.

சூளை இடிந்து மண்மேடாகக் கிடந்தது. அதற்குப் பின்னால் நிலக்கடலை விளைந்திருந்தது. முதுகில் குழந்தையைக் கட்டிக்கொண்டு களை பறித்துக்கொண்டிருந்த பெண் நிமிர்ந்து பார்த்தாள்.

"யார் வேணும்?"

தெனே அடிகளை எண்ணி நடந்து ஓரிடத்தில் நின்றாள். கிப்சா செருப்பைக் கழற்றிவிட்டு அவள் பக்கத்தில் வந்தாள்.

"கொஞ்ச நேரம் நின்னுட்டுப் போறோம்மா," என்றாள் கிப்சா.

"செடியை மிதிச்சிடாதீங்க."

அந்தப் பெண் மறுபடி குனிந்தாள். வரிசையோடு களை பறித்துக்கொண்டே வந்தவள், அவர்கள் நின்ற இடத்தைச் சுற்றிக்கொண்டு, அடுத்த வரிசைக்குப் போனாள்.