மேல் பெட்டியில் அம்மன் பேர்

தினேஸ்வரி பால் விடாத தே ஓ தேநீரில் வாய்கூட வைக்கவில்லை, மாரியம்மா அக்கா ஈப்போ ஆபீஸின் மாடிப்படி ஏறி வந்து வாசலில் நின்றார். சிலிம் ரிவரிலிருந்து விடிகாலை ரயில். எஸ்டேட்டில் மருந்தடித்த காலத்துத் தொப்பி இன்னும் தலையிலேயே இருந்தது. கழற்றத் தோன்றவில்லை போலும்.

"போச்சு தங்கச்சி. இருநூத்திப் பன்னண்டு பேரும் போச்சு லா."

எந்தப் பேர்கள் என்று தினேஸ்வரி கேட்கவில்லை. அக்காவின் பழைய எஸ்டேட்டை வீடு கட்டுகிறவர்கள் வாங்கிவிட்டார்கள். இடுகாட்டைத் தோண்டி எலும்புகளை வேறிடம் கொண்டுபோகப் போகிறார்கள். யாருடைய குழி என்று வெள்ளிக்கிழமைக்குள் குடும்பத்தார் பேர் கொடுத்தாக வேண்டும். கல்லையெல்லாம் போன மாதமே இயந்திரம் வாரித் தள்ளிவிட்டது. அதற்கு முன்பே அக்கா தினம் வேலை முடிந்து போய், ஒவ்வொரு கல்லாகப் படித்து, ஒற்றை விரலால் தட்டித் தட்டிக் கோயிலின் இணையத் தளத்தில் ஏற்றிய பட்டியல்தான் மிச்சம். வேறு பிரதி கிடையாது. இன்றைக்குப் புதன்.

"நேத்து என்னக்கா பண்ணீங்க?"

"ஒண்ணும் பண்ணல! தளத்துக்குள்ள போனேன். மேல எழுதுறதுக்கு ஒரு பெட்டி. நம்ம ஆளுங்க நோட்டீஸ்ல அம்மன் பேர் போடாம எவனாச்சும் ஆரம்பிப்பானா? இத்தன நாளா போடலயேன்னு மனசு உறுத்துச்சு. உள்ள இருந்தத அழிச்சிட்டு 'மாரியம்மன் துணை'ன்னு போட்டு பட்டன அமுக்குனேன். சுடா, முடிஞ்சிச்சு, எல்லாம் காலி."

தினேஸ்வரி கணினியை இழுத்து முன்னால் வைத்தாள். அந்தப் பெட்டி அவளுக்குத் தெரியும். கோயில்கள், சங்கங்கள் தாங்களே அறிவிப்பு வெளியிட அவர்கள் ஆபீஸ் செய்த மென்பொருள் அது. அதில் தளத்தின் முகவரிக்கு ஒரு பெட்டி, பக்கத்தின் முகவரிக்கு ஒன்று, வேறு தளத்துக்குப் போகும் இணைப்புக்கு ஒன்று. மூன்றின் தலையிலும் 'யூஆர்எல்' என்று ஒரே பேர். வைத்தவள் அவள்தான். அரை நிமிஷ வேலை. யாருக்குத்தான் தெரியாது என்று நினைத்திருந்தாள். அட, திமிர்தானே அது!

தளம் திறக்கவில்லை. பின்வழியாகச் சர்வருக்குள் நுழைந்தாள். கடவுச்சொல்லை இரண்டு தடவை தப்பாக அடித்தாள். அக்கா தொப்பியைக் கழற்றிக் கையில் பிசைந்தபடி நின்றார். முகவரி இருக்க வேண்டிய இடத்தில் மாரியம்மன் உட்கார்ந்திருந்தாள். பழைய முகவரியைத் திருப்பிப் போட்டதும் திரை ஒரு கணம் வெள்ளையாக நின்றது.

பிறகு பேர்கள் வந்தன.

"இருக்குக்கா! எல்லாம் இருக்கு!"

"எம்பத்தேழு பாரு."

பார்த்தாள். 'பெண் குழந்தை. பதினோரு நாள். கல் இல்லை, வேலியோரம். அப்பா ஐயாவு, அம்மா மாரியம்மா.'

"இருக்குக்கா" என்றாள் மறுபடி, குரல் இறங்கி.

அக்கா நாற்காலியில் பொத்தென்று உட்கார்ந்தார். சிரித்தார், மூக்கை உறிஞ்சினார், தினேஸ்வரியின் தே ஓவை எடுத்துப் பாதியைக் குடித்துவிட்டார். "இனிப்பே இல்லையே பிள்ள" என்று குறை வேறு. தினேஸ்வரிக்கும் சிரிப்பு வந்தது. போன உயிர் திரும்பி வந்த சிரிப்பு.

அக்காவை அனுப்ப அவளுக்கு மனமில்லை. பக்கத்திலேயே வைத்துக்கொண்டு பெட்டிகளுக்குப் பேர் மாற்றினாள். முதலில் 'தள முகவரி' என்று போட்டாள்.

"அப்படின்னா?"

அழித்தாள். 'உங்கள் தளத்தைத் திறக்க எல்லோரும் தட்டும் முகவரி. மாற்றினால் பழைய முகவரியில் யாராலும் திறக்க முடியாது.'

"இப்படிப் போட்டிருந்தா நான் ஏன் லா கைய வைக்கப் போறேன்?"

அடுத்தது, 'இந்த ஒரு பக்கத்துக்கு மட்டும் முகவரி.' மூன்றாவது, 'வேறு தளத்துக்கு வழி காட்ட, அதன் முகவரியை இங்கே ஒட்டவும்.' முதலாளி தீபன் பின்னால் வந்து எட்டிப் பார்த்தார்.

"இவ்ளோ நீளமா? ஒரு வார்த்த போதாதா?"

"ஒரு வார்த்த போட்டுத்தான் அண்ணே இவங்க ரயிலேறி வந்திருக்காங்க."

தீபன் அக்காவின் கையில் கசங்கிய தொப்பியைப் பார்த்தார். தன் இடத்துக்குத் திரும்பிப் போய்விட்டார்.

கடைசியாக, எல்லாவற்றுக்கும் மேலே தினேஸ்வரி ஒரு புதுப் பெட்டியை வைத்தாள். 'அறிவிப்பின் முதல் வரி. சாமி பேர் போட விரும்பினால் இங்கே.' அக்கா ஒற்றை விரலால் தட்டி முடித்துவிட்டு, பட்டனுக்கு மேலே விரலை நிறுத்தினார்.

"அமுக்கவா?"

"தைரியமா அமுக்குங்க."

மேலே மாரியம்மன் துணை. கீழே பேர்கள், ஒன்றுகூடக் குறையவில்லை. ஒவ்வொன்றின் பக்கத்திலும் 'தோண்டும்போது யார் வருவார்கள்' என்று ஒரு கட்டம். தெலுக் இந்தான் மகன், சிங்கப்பூர் பேத்தி, கோலா கங்சார் தம்பி என்று அக்கா போன் போட்டுக் கேட்டுக் கேட்டு நிரப்பியவை. எண்பத்தேழாவது கட்டம் மட்டும் காலியாக இருந்ததை தினேஸ்வரி அப்போதுதான் கவனித்தாள்.

அக்கா பட்டியலை மெல்லக் கீழே தள்ளிக்கொண்டு போய் அந்த வரியில் நின்றார். விரலைச் சேலையில் துடைத்துக்கொண்டார். பிறகு காலிக் கட்டத்தைத் தொட்டு, 'மா' என்று தன் பேரின் முதல் எழுத்தைத் தேடித் தட்டினார்.